ஒன்றரை நிமிடச் செய்தியும் ஒன்றரை மணி நேரப் படமும்: செய்தி, ஆவணப்பட எடிட்டர் ஆவதற்கு ஒரு முழுமையான வழிகாட்டி

2011 டிசம்பர் 30 காலை தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தது. பண்ருட்டிப் பக்கம் பலாவும் முந்திரியும் வேரோடு சாய்ந்து கிடந்தன. மறுநாள் மாலை என் கைக்கு வந்த கேமரா கார்டில் ஒரு முதியவரின் பைட் (கேமரா முன் பேசிய பேச்சு) இருந்தது. பதினொரு நிமிடம். சாய்ந்த பலா மரத்தின் மேலேயே உட்கார்ந்து பேசுகிறார். "நட்டுக்கலாம், நட்டுக்கலாம்னு வர்றவங்க எல்லாரும் சொல்றாங்க. நட்டுக்கலாந்தான்" என்று சொல்லிவிட்டு நிறுத்துகிறார். கேமராமேன் அசையவில்லை. ஒன்பது விநாடி கழித்து, "அது காய்க்கிறப்ப நான் இருக்கணுமே" என்கிறார்.

ஏழு மணி புல்லட்டினில் அந்த ஒன்பது விநாடியை எடுத்துவிட்டேன். சில மாதம் கழித்து அதே காட்சிகளை வைத்து அரை மணி நேரப் படம் ஒன்றை எடிட் செய்தபோது, அந்த ஒன்பது விநாடியை அப்படியே விட்டுவிட்டேன். படத்தைப் பார்த்தவர்கள் நினைவில் நின்றது அந்த மௌனம்தான். இரண்டு தடவையும் நான் செய்தது சரி என்றே இன்றும் நினைக்கிறேன். இந்த இரண்டு முடிவுக்கும் நடுவில் இருக்கும் தூரத்தைக் கடக்க என்னென்ன செய்ய வேண்டும் என்பதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன்.

எந்த வேலைக்கு வருகிறீர்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள்

செய்திச் சேனலில் எடிட்டர் என்ற பெயரில் இரண்டு பேர் இருப்பார்கள். செய்தி ஆசிரியர் ஒருவர். காட்சிகளைக் கோத்து ஸ்டோரியாகத் தரும் வீடியோ எடிட்டர் இன்னொருவர். நான் பேசுவது இரண்டாமவரைப் பற்றி.

பரபரப்பான நாளில் செய்தி எடிட்டர் ஒரே ஷிஃப்டில் பத்துப் பதினைந்து ஸ்டோரி முடிப்பார். ஒவ்வொன்றையும் அன்றைக்கே மறந்தும் விடுவார். ஆவணப்பட எடிட்டர் ஒரே படத்தோடு மாதக்கணக்கில் உட்கார்ந்திருப்பார். முதுமலைப் பொம்மனும் பெள்ளியும் குட்டி யானைகளை வளர்த்த கதையைச் சொல்லி 2023இல் ஆஸ்கர் வாங்கிய 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' படத்துக்காக, ஐந்து வருடங்களில் சுமார் 450 மணி நேரக் காட்சி எடுத்ததாக அதன் இயக்குநர் கார்த்திகி கொன்சால்வ்ஸ் சொல்லியிருக்கிறார். படம் ஓடுவது ஏறக்குறைய 40 நிமிடம். திரையில் வந்த ஒவ்வொரு நிமிடத்துக்கும் 670 நிமிடத்துக்கு மேல் எடிட்டர் மேசையில் கிடந்திருக்கிறது. சஞ்சாரி தாஸ் மல்லிக், டக்ளஸ் பிளஷ் என்ற இரண்டு எடிட்டர்களின் உழைப்பு அது.

உங்களுக்கு எது ஒத்துவரும்? கடிகாரத்தோடு ஓடினால்தான் மூளை வேலை செய்யும் என்றால் செய்தி. ஒரே முகத்தை இருநூறு தடவை பார்த்தாலும் சலிக்காது என்றால் ஆவணப்படம். ஆனாலும் முதல் இரண்டு வருடம் செய்தி அறையில் இருக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். பத்து நிமிடத்தில் முடிவெடுக்கும் பழக்கம் வேறு எங்கேயும் வராது.

படி 1: படிப்பு

விஸ்காம், மாஸ் கம்யூனிகேஷன் பட்டங்கள் போதும். எடிட்டிங்கை மட்டும் ஆழமாகப் படிக்க விரும்பினால் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. நுழைவுத் தேர்வில் தேறினால் 1960இல் தொடங்கிய புனே எஃப்டிஐஐ (இந்தியத் திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனம்), 1995இல் வந்த கொல்கத்தா சத்யஜித் ரே திரைப்பட நிறுவனம் ஆகிய இரண்டும் உண்டு. இதழியல் பக்கத்திலிருந்து வர நினைப்பவர்களுக்குத் தரமணியிலேயே ஏசியன் காலேஜ் ஆஃப் ஜர்னலிசம்.

மூன்று மாத எடிட்டிங் கோர்ஸில் சேரும் முன் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: மாணவர்களுக்கு முழு ரஷஸ் (வெட்டாத மூலக் காட்சிகள்) கொடுப்பீர்களா, அல்லது ஏற்கெனவே பொறுக்கி வைத்த கிளிப்புகளா? பொறுக்கின கிளிப்பை ஒட்டிப் பழகினால் பட்டன்கள்தான் தெரியும். எடிட்டரின் பாதி வேலை பொறுக்குவதில் இருக்கிறது.

இன்னொன்று. தினமும் பேப்பர் படியுங்கள். தமிழ்நாட்டின் 38 மாவட்டங்களும் வரைபடத்தில் எங்கே இருக்கின்றன, எந்த அமைச்சருக்கு எந்தத் துறை, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையின் முகப்பு எப்படி இருக்கும், சென்னைக் கட்டடம் எப்படி இருக்கும் என்று தெரியாத எடிட்டர் ஒருநாள் தவறான முகத்தை ஒளிபரப்பிவிடுவார். ரிப்போர்ட்டர் எழுதினது சரியாக இருக்கும். காட்சி பொய் சொல்லும்.

படி 2: கைப்பழக்கம்

சேனல்களில் எடியஸ், பிரீமியர் ப்ரோ, அவிட், ஃபைனல் கட் என்று எல்லா எடிட்டிங் மென்பொருள்களும் ஓடுகின்றன. வீட்டில் பழக டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு தாராளம். ஒன்றில் கை தேறினால் மற்றதைப் பிடிக்க அதிக நாள் ஆகாது. ஜே, கே, எல் விசைகளில் பின்னே, நிறுத்து, முன்னே. ஐ, ஓ விசைகளில் இன், அவுட் (எடுக்கும் துண்டின் தொடக்கம், முடிவு). இந்த ஐந்தையும் பார்க்காமல் அழுத்த வரும்வரை மவுஸைத் தொடாதீர்கள். தமிழ்த் தட்டச்சும் கற்றுக்கொள்ளுங்கள். பெயர்ப் பட்டையில் ஒற்றுப்பிழை விழும்போது உதவும்.

வாரம் ஒரு பயிற்சி. அதிகாலையில் பக்கத்து மார்க்கெட்டுக்கு, மீன் ஏலம் நடக்கும் இடத்துக்கு, பேருந்து நிலையத்துக்குப் போங்கள். ஃபோனிலேயே இருபது ஷாட், ஒவ்வொன்றும் பத்து விநாடி, ஆட்டாமல். ஒரு மனிதரிடம் ஐந்து நிமிடம் பேச்சு, அவர் சம்மதத்தோடு. இரண்டு நிமிடம் அந்த இடத்தின் ஆம்பியன்ஸ் (சுற்றுப்புற ஒலி) மட்டும். வீட்டுக்கு வந்து இதையே 30 விநாடி, 90 விநாடி, 5 நிமிடம் என்று மூன்றாகச் செய்யுங்கள். பிறகு ஒலியை நிறுத்திப் படத்தை மட்டும் பாருங்கள். அடுத்து, திரையைத் திருப்பி வைத்துவிட்டு ஒலியை மட்டும் கேளுங்கள். எங்கே இடறுகிறது என்று காதே காட்டிக்கொடுக்கும்.

ஃபோன் காட்சிகளில் ஒரு சிக்கல் உண்டு. நம் ஒளிபரப்பு விநாடிக்கு 25 ஃப்ரேம். ஃபோன் பெரும்பாலும் 30இல் எடுக்கும், அதுவும் நிலையாக இல்லாமல் ஏறி இறங்கும். அப்படியே டைம்லைனில் (மென்பொருளில் காட்சியையும் ஒலியையும் வரிசையாக அடுக்கும் இடம்) போட்டால் சில நிமிடம் கழித்து வாயும் பேச்சும் விலகத் தொடங்கும். முதலிலேயே நிலையான ஃப்ரேம் ரேட்டுக்கு மாற்றிவிட்டு வேலையைத் தொடங்குங்கள். ட்யூப் லைட் வெளிச்சத்தில் எடுத்தால் பட்டை பட்டையாக மினுக்கும். 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் என்பதால் ஷட்டரை 1/50இல் வைக்கச் சொல்லிக் கேமரா பிடிப்பவரைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

படி 3: உள்ளே நுழைவது

1975 ஆகஸ்ட் 15இல் சென்னைத் தூர்தர்ஷன் தொடங்கியபோது இந்த வேலைக்கு ஒரே வாசல்தான். 1993இல் சன் டிவி வந்தது. பிறகு 24 மணி நேரச் செய்திச் சேனல்கள் வந்ததும் மூன்று ஷிஃப்டுக்கும் ஆள் தேவைப்பட்டது. இப்போது யூடியூப் செய்தித் தளங்களும் எடிட்டர்களை எடுக்கின்றன. அங்கே வேலை சுலபமாகக் கிடைக்கும். ஆனால் உங்கள் ஸ்டோரியைத் தட்டிக் கேட்க மூத்தவர் ஒருவர் இருக்கிறாரா என்று பார்த்துச் சேருங்கள்.

நேர்காணலில் பேச்சு குறைவு, டெஸ்ட்தான் முக்கியம். ஒரு ஸ்கிரிப்ட், பத்துப் பதினைந்து நிமிட ரஷஸ், அரை மணி நேரம் கொடுப்பார்கள். எஃபெக்ட் போட்டு அசத்த நினைக்காதீர்கள். சொல்லும் காட்சியும் பொருந்துகிறதா, பைட்டின் முதல் எழுத்தும் கடைசி எழுத்தும் கடிபடாமல் இருக்கின்றனவா, ஒலி ஒரே அளவில் இருக்கிறதா, நேரத்துக்கு முடித்தீர்களா என்று மட்டும்தான் பார்ப்பார்கள்.

பயிற்சியாளராகச் சேர்ந்ததும் இன்ஜெஸ்டிலோ லைப்ரரியிலோ உட்கார வைப்பார்கள். வரும் ஃபீடை (களத்திலிருந்து அனுப்பும் காட்சிகள்) உள்ளே எடுப்பது, பெயரிடுவது, சேமிப்பது. நிறையப் பேர் இங்கேயே மனம் சோர்ந்து போகிறார்கள். எனக்கு அங்கே கழிந்த எட்டு மாதம்தான் பின்னாளில் சோறு போட்டது. எந்தக் கேமராமேன் எப்படி எடுப்பார், எந்த மாவட்ட ரிப்போர்ட்டரின் ரஷஸில் கடைசி ஷாட்தான் முத்தாக இருக்கும் என்று கண்ணுக்குப் பழகியது அங்கேதான். இரவு ஷிஃப்ட் கேட்டால் ஒப்புக்கொள்ளுங்கள். ஆள் குறைவான நேரத்தில்தான் புதியவர் கைக்குப் பெரிய ஸ்டோரி வரும்.

படி 4: நாற்பது நிமிடத்தில் ஒரு பேக்கேஜ் (குரல், பைட், காட்சி சேர்ந்த முழு ஸ்டோரி)

ஏழு மணி புல்லட்டின். 6.20க்கு ஃபீட் வருகிறது. ரன்டவுனில் (செய்திகள் வரும் வரிசைப் பட்டியல்) உங்கள் ஸ்டோரி மூன்றாவது.

முதல் ஐந்து நிமிடம் எதையும் வெட்டாதீர்கள். எல்லாவற்றையும் இரட்டை வேகத்தில் ஓட்டிப் பாருங்கள். முதல் ஷாட்டுக்கு ஒன்று, கடைசி ஷாட்டுக்கு ஒன்று என்று இரண்டை மட்டும் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். 6.25க்கு ரிப்போர்ட்டரின் குரல் பதிவு வந்துவிடும். முதலில் குரலை டைம்லைனில் போடுங்கள், மூச்சு இடைவெளிகளை இறுக்குங்கள். அடுத்து பைட்டுகளை அதனதன் இடத்தில் வையுங்கள். இப்போது ஸ்டோரியின் எலும்பு தயார், நீளமும் தெரிந்துவிட்டது. பிறகுதான் விஷுவல்ஸ்.

இந்த வரிசையை மாற்றி, அழகான விஷுவலில் தொடங்குபவர்கள்தான் 6.55க்குத் தவிப்பார்கள். ஒலி முழுதாக இருந்தால், காட்சி பாதி முடிந்த நிலையில்கூட ஸ்டோரி ஒளிபரப்புக்குப் போக முடியும். தலைகீழாக இருந்தால் போகவே முடியாது.

குரல் எதைச் சொல்கிறதோ அதையே காட்டுங்கள், ஆனால் சொல்லுக்குச் சொல் ஒட்டாதீர்கள். "விவசாயிகள் வேதனை" என்றதும் தலையில் கை வைத்த ஒருவரைத் தேடுவது பழைய வழக்கம், விட்டுவிடலாம். அவர் வேறு எதற்காகவோ தலையில் கை வைத்திருப்பார். தண்ணீரில் மூழ்கிய நாற்றைக் காட்டினால் போதும்.

ஒவ்வொரு ஷாட்டுக்கும் மூன்று விநாடியாவது கொடுங்கள். நடுவில் ஒரு இடத்தில் குரலை நிறுத்திவிட்டு, இடத்தின் ஒலியை இரண்டு விநாடி விடுங்கள். மோட்டார் பம்பின் சத்தம், பள்ளி மணி, தறி ஓடும் ஓசை, எதுவாக இருந்தாலும் சரி. வீட்டில் சமையல் செய்துகொண்டே டிவியைக் காதால் கேட்பவர் அந்த இடத்தில்தான் திரும்பிப் பார்ப்பார்.

6.50க்கு ஒரு தடவை முழுதாக, தொடாமல், ஓட்டிப் பாருங்கள். பெயர், பதவி, ஊர் மூன்றையும் வாய்விட்டுப் படியுங்கள். அனுப்பிவிடுங்கள்.

படி 5: பைட்டை வெட்டுவது

தமிழில் எடிட் செய்பவர் ஆங்கிலப் பாடப்புத்தகத்தில் கற்றுக்கொள்ள முடியாத விஷயம் இது. அதனால் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன்.

நம் மொழியில் வினை கடைசியில் வரும். இல்லை, முடியாது, சொல்லல, வரல என்ற மறுப்பும் கடைசியில்தான் வரும். ஒருவர் சொல்கிறார்: "அவரு காசு வாங்கினாருன்னு நான் சொல்லல." டைம்லைனில் 'வாங்கினாரு' என்பதற்கும் 'ன்னு' என்பதற்கும் நடுவே ஒலி அலையில் ஒரு சின்னப் பள்ளம் இருக்கும். அங்கே பிளேடு விழுந்தால், அவர் சொல்லாத குற்றச்சாட்டை நாம் சொல்ல வைத்துவிடுகிறோம். நீளத்தைக் குறைக்கிற அவசரத்தில் இது நடக்கும். பெரும்பாலும் யாரும் வேண்டுமென்று செய்வதில்லை. ஆனால் பாதிப்பு அவருக்குத்தான்.

இன்னொரு சிக்கல், நம் ஆட்கள் பேசும்போது வாக்கியம் முடிவதே இல்லை. "ஆபீசர் வந்தாரு, பார்த்துட்டு, எழுதிக்கிட்டு, பணம் வந்துரும்னு சொல்லிட்டுப் போனாரு, இன்னிக்கு வரைக்கும் ஒரு பைசா வரல." எச்சங்களாகவே ஓடி, கடைசி இரண்டு சொல்லில்தான் மனிதர் என்ன சொல்ல வந்தார் என்பது தெரியும். பன்னிரண்டு விநாடி பைட் வேண்டும் என்று "போனாரு"வில் நிறுத்தினால், அரசு உதவிக்கு நன்றி சொன்னவர் ஆகிவிடுவார்.

நான் பின்பற்றும் முறையைச் சொல்கிறேன். அவுட் பாயின்ட்டை முதலில் தேடுங்கள், இன் பாயின்ட்டை அப்புறம். முற்றுவினையும் குரலின் இறக்கமும் ஒரே இடத்தில் விழுகிற புள்ளிதான் அவுட். அங்கிருந்து பின்னோக்கி வந்து, எங்கே தொடங்கினால் புரியும் என்று பாருங்கள். நீளம் அதிகமானால் முன்பக்கத்தைக் குறையுங்கள், பின்பக்கத்தைத் தொடாதீர்கள். வெட்டிய பிறகு, வெட்டாத பைட்டை மறுபடி ஒருமுறை முழுதாகக் கேளுங்கள். இந்த மனிதர் நம் டிவியில் தன்னைப் பார்த்தால், 'ஆமாம், நான் சொன்னது இதுதான்' என்பாரா? தயங்கினால் வேறு பைட் எடுங்கள், அல்லது புல்லட்டின் புரொட்யூசரிடம் ஐந்து விநாடி கூடுதலாகக் கேளுங்கள். நல்ல புரொட்யூசர் கொடுப்பார்.

நடுவே ஒரு பகுதியை எடுத்துவிட்டு இரண்டு துண்டைச் சேர்க்கும்போது படம் துள்ளும். அதை மறைக்க ஒரு 'கட்டவே' (நடுவே செருகும் வேறொரு ஷாட்) போடுவது வழக்கம். கையின் குளோசப், கேட்டுக்கொண்டிருக்கும் ரிப்போர்ட்டர் இப்படி ஏதாவது. செய்தியில் நான் அதைவிட ஒயிட் ஃப்ளாஷையே (ஒரு கணம் திரை வெளுத்து மின்னுவது) விரும்புவேன். இங்கே வெட்டியிருக்கிறோம் என்று பார்ப்பவருக்குத் தெரிந்துவிடும். கட்டவே அழகுதான், ஆனால் எதை எடுத்தோம் என்பதையும் சேர்த்து மூடிவிடுகிறது. ஒலியில் வெட்டும் ஒவ்வொரு இடத்திலும் இரண்டு ஃப்ரேம் கிராஸ்ஃபேட் (ஓர் ஒலி தேய அடுத்தது ஏறுவது) வையுங்கள், 'டிக்' சத்தம் வராது.

வட்டார வழக்கைத் திருத்தாதீர்கள். நெல்லைக்காரர் நெல்லைத் தமிழிலும் கொங்குக்காரர் கொங்குத் தமிழிலும் பேசட்டும். புரியாது என்று கருதி அவர் பேச்சின் மேல் ரிப்போர்ட்டரின் குரலை ஏற்றுவது அந்த மனிதரின் வாயைப் பொத்துவதற்குச் சமம் என்றே நினைக்கிறேன்.

படி 6: காட்டக் கூடாதவை

சட்டத்தை மனப்பாடமாக வைத்திருங்கள். பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் அடையாளத்தை வெளியிடுவது குற்றம். முன்பு இந்தியத் தண்டனைச் சட்டம் 228ஏ, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 72ஆம் பிரிவு. குழந்தை என்றால் 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டத்தின் 23ஆம் பிரிவு, வழக்கில் சிக்கிய சிறார் என்றால் 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டத்தின் 74ஆம் பிரிவு.

முகத்தை பிளர் செய்துவிட்டோம் என்று நிம்மதியாக இருக்க முடியாது. அம்மாவின் முகம், வீட்டு வாசல் கோலம், தெருப் பலகை, பள்ளிச் சீருடையின் நிறம், இவற்றில் எது தெரிந்தாலும் ஊருக்குள் அடையாளம் தெரிந்துவிடும். பிளர் எல்லா ஃப்ரேமிலும் முகத்தோடு நகர்கிறதா என்று ஃப்ரேம் ஃப்ரேமாகத் தள்ளிப் பாருங்கள். ஒரே ஒரு ஃப்ரேம் விலகினால்கூட யாராவது நிறுத்தி ஸ்க்ரீன்ஷாட் எடுத்துவிடுவார்கள். குரலையும் மாற்றுங்கள்.

தீவிரவாத எதிர்ப்பு நடவடிக்கைகளை நேரலையில் காட்ட, கேபிள் தொலைக்காட்சி விதிகளில் தடை இருக்கிறது. 2008 மும்பைத் தாக்குதலின்போது மீட்பு வீரர்களின் நகர்வுகள் நேரலையில் ஓடியதுதான் இந்தக் கட்டுப்பாடு பற்றிய பேச்சுக்கு வித்திட்டது.

சட்டத்தில் இல்லாத இரண்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கூட்டத்தை டைட் ஷாட்டிலேயே காட்டினால் முப்பது பேர் முந்நூறு பேர் ஆவார்கள். ஒரு வைட் ஷாட் கட்டாயம் வையுங்கள், காலி நாற்காலிகளோடு. துக்கச் செய்திக்குப் பின்னணி இசை போடாதீர்கள். அழுகிறவரின் குரலுக்கு மேல் வயலின் தேவையில்லை.

மூன்றாவதாக, என் கையால் நடந்த ஒன்று. ஒரு மழைக்காலத்தில், நான் வேலை பார்த்த சேனலில், தாம்பரம் வெள்ளம் பற்றிய ஸ்டோரிக்குப் புதுக் காட்சி போதவில்லை. லைப்ரரியிலிருந்து முந்தைய வருடத்து ஷாட் இரண்டை எடுத்துச் சேர்த்தேன். 'கோப்புக் காட்சி' என்ற பட்டையை வைக்க மறந்துவிட்டேன். அந்தத் தெருவில் வீடு இருந்த ஒருவர் வெளியூரிலிருந்து பார்த்துவிட்டு, வயதான பெற்றோரை மீட்க ஆள் அனுப்பச் சொல்லி அலுவலகத்துக்கு ஃபோன் செய்தார். அன்று அந்தத் தெருவில் தண்ணீரே இல்லை. அவர் பதறிய பதற்றத்துக்கு நான்தான் காரணம். அன்றிலிருந்து லைப்ரரி ஷாட்டை டைம்லைனுக்கு இழுக்கும் அதே நொடியில் பட்டையையும் இழுத்து வைத்துவிடுகிறேன். அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விடுவதில்லை.

படி 7: வாட்ஸ்அப்பில் வந்த வீடியோ

இன்று பாதிக் காட்சிகள் இப்படித்தான் வருகின்றன. நிமிர்ந்த வீடியோவின் இரு பக்கமும் பிளர் வைத்து நிரப்புவது சுலபம். உண்மையா என்று பார்ப்பதுதான் வேலை, அதில் ரிப்போர்ட்டருக்கு அடுத்த காவல் எடிட்டர்தான். கடைப் பலகையில் என்ன ஊர்? வண்டி நம்பர் என்ன? கடலூரில் நடந்ததாகச் சொல்கிறார்கள், நிற்கும் வண்டியெல்லாம் டிஎன் 31க்குப் பதில் டிஎன் 72 என்றால் அது நெல்லையாக இருக்கலாம். பின்னால் கேட்கும் பேச்சு எந்த ஊர் வழக்கு? நிழல் விழும் விதம் சொல்லப்படும் நேரத்துக்குப் பொருந்துகிறதா? சில ஃப்ரேம்களைப் படமாக எடுத்து இணையத்தில் பட வழியாகத் தேடிப் பாருங்கள். சந்தேகம் தீராவிட்டால் போடாதீர்கள்.

படி 8: ஆவணப்படத்துக்கு மாறுவது

செய்தியிலிருந்து வரும் எடிட்டருக்கு முதலில் கை பரபரக்கும். மூன்று விநாடி ஆனதும் வெட்டத் தோன்றும். அதை அடக்க எனக்கு ஒரு வருடம் ஆனது.

முதல் வேலை லாகிங். ஒரு ஷீட்டில் கார்டு எண், டைம்கோட், யார், என்ன நடக்கிறது, ஒலி எப்படி என்று பத்திகள். கடைசியாக ஒரு பத்தி சேருங்கள்: முதல் தடவை பார்த்தபோது எனக்கு என்ன தோன்றியது. இருபதாவது தடவை பார்க்கும்போது எந்தக் காட்சியும் மரத்துப்போயிருக்கும். ரஃப் கட்டில் (படத்தின் கரட்டு வடிவம்) குழம்பி நிற்கும் நாளில், 'இங்கே சிரித்தேன்', 'இங்கே பயமாக இருந்தது' என்று முதல் நாள் எழுதிய குறிப்புதான் வழிகாட்டும். எவ்வளவு நேரக் காட்சியாக இருந்தாலும் முழுதாகப் பாருங்கள். இயக்குநர் ஒதுக்கிய கார்டில், கேமரா ஓடுவது தெரியாமல் எல்லாரும் சாதாரணமாகப் பேசிக்கொண்டிருக்கும் ஒரு நிமிடம் இருக்கும்.

அடுத்து, பேச்சு முழுவதையும் எழுத்தாக்குங்கள். தானாக எழுதித் தரும் மென்பொருள்கள் வந்துவிட்டன, பயன்படுத்துங்கள். ஆனால் பேச்சுத் தமிழை அவை நிறையவே தவறாகக் கேட்கின்றன. அதனால் ஒலியோடு வைத்து நீங்களே திருத்துங்கள். திருத்தும்போது மனிதர்களின் பேச்சு காதில் ஏறிவிடும். பிறகு பேப்பர் எடிட்: காட்சிக்கு ஒரு சீட்டு எழுதிச் சுவரில் ஒட்டி, இடம் மாற்றி மாற்றிப் பார்ப்பது. பேட்டிக்கு ஒரு நிறம், நடந்த சம்பவத்துக்கு ஒரு நிறம். சுவர் முழுக்கப் பேட்டி நிறமாக இருந்தால், உங்களிடம் இருப்பது படம் எடுத்த வானொலி நிகழ்ச்சி.

அசெம்பிளி (தேர்ந்த காட்சிகளை வரிசையாக அடுக்கிய முதல் தொகுப்பு) மூன்று நான்கு மணி நேரம் வரும். பயப்படாதீர்கள். அதிலிருந்து ரஃப் கட், ஃபைன் கட், பிக்சர் லாக் (இனிமேல் காட்சியை மாற்றுவதில்லை என்ற நிலை). ரஃப் கட்டை ஐந்து பேருக்குப் போட்டுக் காட்டுங்கள். அவர்களில் ஒருவர் படம் எடுத்த ஊரைச் சேர்ந்தவர், ஒருவர் இந்த விஷயமே தெரியாதவர். நீங்கள் திரையைப் பார்க்காமல் அவர்களைப் பாருங்கள். எங்கே ஃபோனை எடுக்கிறார்கள், எங்கே நிமிர்ந்து உட்காருகிறார்கள்? முடிந்ததும் பிடித்ததா என்று கேட்காதீர்கள், எங்கே புரியவில்லை என்று மட்டும் கேளுங்கள்.

இயக்குநரோடு சண்டை வரும். மலை ஏறி மூன்று நாள் காத்திருந்து எடுத்த ஷாட்டை வெட்டச் சொன்னால் யாருக்கும் வலிக்கும். அந்தக் கஷ்டம் திரையில் தெரியாது, உங்களுக்கும் தெரியாமல் இருப்பதுதான் நல்லது. அதனால் படப்பிடிப்புக்குக் கூப்பிட்டாலும் நான் போவதில்லை. வெட்டிய பதிப்பையும் வெட்டாத பதிப்பையும் செய்து, அடுத்த நாள் காலையில் இரண்டையும் காட்டுங்கள். இரவில் வாதாடாதீர்கள்.

பலா மரத்து முதியவரின் ஒன்பது விநாடிக்கு வருகிறேன். புல்லட்டினில் அவரைப் பற்றிப் பார்ப்பவருக்கு எதுவும் தெரியாது. அங்கே ஒன்பது விநாடி மௌனம் வந்தால் ஒலி போய்விட்டது என்று ரிமோட்டைத் தேடுவார்கள். படத்தில் அதற்கு முன்பே இருபது நிமிடம் அவரோடு தோப்பில் நடந்திருக்கிறோம். மூத்த மகனின் பெயரை ஒரு மரத்துக்கு வைத்தது தெரியும். அதனால் அவர் நிறுத்தியபோது அடுத்து என்ன சொல்வார் என்று பார்ப்பவர் மனமே தேடத் தொடங்கிவிட்டது. அந்த மௌனத்துக்கு முன்னால் இருபது நிமிடத்தைக் கட்டியதுதான் அங்கே எடிட்டிங்.

படி 9: ஒலி, சப்டைட்டில், டெலிவரி

லாக் ஆனதும் ஒலி சேர்ப்பவருக்கு ஏஏஎஃப் கோப்பு, நிறம் சரிசெய்பவருக்கு எக்ஸ்எம்எல் கோப்பு கொடுத்துவிட்டு ஒதுங்குங்கள். ஒலியின் அளவுக்கு ஐரோப்பிய ஒளிபரப்பு நியமம் மைனஸ் 23 எல்யுஎஃப்எஸ் (ஒலியின் உரத்தை அளக்கும் அலகு). ஒவ்வொரு சேனலும் தளமும் தனக்கென்று ஓர் அளவு வைத்திருக்கும், முதலிலேயே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

சப்டைட்டிலை மட்டும் விட்டுக்கொடுக்காதீர்கள். தமிழில் முத்தாய்ப்பு கடைசிச் சொல்லில் வருகிறது, ஆங்கில மொழிபெயர்ப்பில் அதுவே முதல் சொல்லாகிவிடும். பேசுபவர் இன்னும் தயங்கிக்கொண்டிருக்கும்போதே வெளிநாட்டுப் பார்வையாளர் முடிவைப் படித்துவிடுவார். அந்த முதியவரின் வரியை இரண்டு சப்டைட்டிலாக உடைத்து, மௌனம் முடிந்த பிறகே இரண்டாவதை வர வைத்தோம். மொழிபெயர்ப்பாளர் பக்கத்தில் உட்கார்ந்து செய்ய வேண்டிய வேலை இது.

எல்லாக் காட்சிகளும் மூன்று பிரதி, இரண்டு வகைச் சேமிப்பில், ஒன்று வேறு கட்டடத்தில். தொடங்கும் நாளிலேயே.

படம் முடிந்ததும் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா, கேரளத்தின் ஆவணப்பட, குறும்பட விழா, மதுரையில் 'மறுபக்கம்' அமைப்பு நடத்தும் விழா ஆகியவற்றுக்கு அனுப்பச் சொல்லி இயக்குநரை நச்சரியுங்கள். நீங்களும் போய் உட்காருங்கள். அடுத்த படத்துக்கான அழைப்பு பெரும்பாலும் விழா வாசல் டீக்கடையில்தான் வரும்.

படி 10: பணமும் பெயரும்

சேனலில் மாதச் சம்பளம். ஆவணப்படத்தில் மொத்தத் தொகை பேசுவதைவிட வாரக் கணக்கு நல்லது. படம் நீளும், நீண்டே தீரும். எத்தனை தடவை திருத்தம், லாகிங் யார் செலவு, ட்ரெய்லர் தனியா என்பதையெல்லாம் ஒரு பக்கத்தில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். மூன்றில் ஒரு பங்கு முன்பணம், ரஃப் கட்டில் ஒரு பங்கு, லாக்கில் மீதி. இந்தப் பிரிப்பு எனக்கு இதுவரை ஒத்துவந்திருக்கிறது. நண்பர் படம் என்று வாய்ப்பேச்சில் தொடங்கிய ஒன்றில்தான் நட்பையும் பணத்தையும் இழந்தேன்.

பெயரையும் கேட்டு வாங்குங்கள். அமெரிக்காவில் மேஸல்ஸ் சகோதரர்கள் எடுத்த 'சேல்ஸ்மேன்' 1969இல் வெளிவந்தபோது, எடிட் செய்த ஷார்லட் ஸ்வெரினின் பெயரும் இயக்குநர்கள் வரிசையில் சேர்க்கப்பட்டது. எழுதிவைத்த கதை இல்லாத படத்தில், கதை பிறப்பது எடிட்டர் மேசையில் என்பதை ஒப்புக்கொண்ட செயல் அது. உங்கள் படத்திலும் கதையின் வடிவத்தை நீங்கள் கண்டுபிடித்திருந்தால் தயங்காமல் பேசுங்கள். லாக்குக்கு முன் பேசுங்கள்.

படி 11: உடம்பும் மனமும்

திரையின் மேல் விளிம்பு கண் மட்டத்துக்கு. இருபது நிமிடத்துக்கு ஒருமுறை தூரத்தில் எதையாவது பாருங்கள். நாற்காலிக்குச் செலவழிக்கும் பணத்தில் கஞ்சத்தனம் வேண்டாம்.

மனத்தைப் பற்றி யாரும் சொல்லித் தருவதில்லை. ஒளிபரப்பில் பிளராக வரும் விபத்தை, தீக்குளிப்பை, பிணவறை வாசலை எடிட்டர் பிளர் இல்லாமல் பார்க்கிறார், பல தடவை பார்க்கிறார். அப்படிப்பட்ட ரஷஸ் வந்தால் ஒலியை நிறுத்திவிட்டு, சின்ன ஜன்னலில், தம்ப்நெயிலாகப் பாருங்கள். தேவையான இடத்தைக் குறித்ததும் மீதியைத் திறக்காதீர்கள். குழந்தை சம்பந்தப்பட்டது என்றால், வீட்டில் குழந்தை இருக்கும் எடிட்டரிடம் அதைத் தள்ளாதீர்கள், நீங்கள் டெஸ்க் பொறுப்பில் இருந்தால் இதை விதியாகவே வையுங்கள். ஷிஃப்ட் முடிந்ததும் நேராக வீட்டுக்குப் போகாமல் யாரோடாவது டீ குடித்துவிட்டுப் போங்கள். தூக்கம் தொடர்ந்து கெட்டால் மருத்துவரைப் பாருங்கள்.

இன்று தொடங்க நினைப்பவருக்கு: நாளை அதிகாலை மார்க்கெட். ஃபோனில் இருபது ஷாட், ஒருவரின் பேச்சு, இரண்டு நிமிடம் ஆம்பியன்ஸ். ஞாயிற்றுக்கிழமைக்குள் 30 விநாடி, 90 விநாடி, 5 நிமிடம். பேசிய அந்த மனிதரிடமே திரும்பிப் போய் மூன்றையும் போட்டுக் காட்டுங்கள்.